சட்டைக்குள் ஆள்

பர்மிங்ஹாம், அலபாமா
14 அக்டோபர் 1928

கிளியான்,

லாஸ் ஏஞ்சலஸில் ஒரு வாரம் தங்கிவிட்டு வருகிறேன் என்றாய். டல்லஸில் வந்து சேர்வாய் என்று பார்த்தேன். லிட்டில் ராக்கில் பார்த்தேன். இப்போது அலபாமாவுக்கே வந்தாயிற்று. கொட்டகை வாசலில் இன்னும் 'ப்ரூயிட்டும் ப்ரூயிட்டும்: சட்டைக்குள் ஆள்' என்றுதான் எழுதி ஒட்டுகிறார்கள். இரண்டாவது ப்ரூயிட் எங்கே என்று கேட்பவர்களுக்கு டோபியஸைக் காட்டுகிறேன்.

டோபியஸை உனக்குத் தெரியும், தட்டு வீசிப் பிடிப்பவன். நல்ல மனுஷன், ஆனால் நம் ஆட்டத்துக்கு ஆகாதவன். ஆள் போட்டிருக்கும்போதே சட்டைக்கு இஸ்திரி போட வேண்டும். இவனுக்கோ உடம்பெல்லாம் கூச்சம். இஸ்திரிப் பெட்டி விலாவுக்குப் போகும் முன்பே நெளிகிறான். ஜனங்கள் சிரிக்க வேண்டிய இடத்தில் இவன் சிரிக்கிறான். நேற்று கொட்டகை முதலாளி மேடைக்குப் பின்னால் வந்தார். "ஏய் பொண்ணு, உன் தம்பி எங்க? இந்த நெட்டைக் கொக்கை நிக்க வெச்சு என்ன பண்றே?" எனக்கு முப்பத்தேழு வயது. அவருடைய பள்ளிக்கூடம் போகும் மகனும் என்னைப் 'பொண்ணு' என்றுதான் கூப்பிடுகிறான்.

திருமதி கெய்தரின் விடுதியில்தான் தங்கியிருக்கிறேன். சாப்பாட்டு மேசையில் உன்னைப் பற்றித்தான் பேச்சு. "உன் தம்பி சினிமாக்காரன் ஆயிட்டானாமே?" என்றார் பாஞ்சோ வாசிக்கும் கிழவர். "படம் இப்ப பேசுதாம் ஒஸெல்லா" என்றாள் ஒரு பாட்டுக்காரி. "பேசட்டும். அதுக்கு வேர்க்குமா?" என்றான் டோபியஸ். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அறைக்கு வந்தபிறகு சிரிப்பு வரவில்லை.

இந்த ஆட்டம் எங்கிருந்து வந்தது என்று உனக்கு நினைவிருக்க வேண்டும். நம் ஜார்ஜியா மேக்கனில் அம்மா வெள்ளைக்காரர் வீட்டுச் சட்டைகளை மூட்டை மூட்டையாகத் துவைத்தாள். உனக்கு இருந்தது ஒரே சட்டை. ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்கு நேரமாகிவிட்டால் உன்மேல் இருக்கும்போதே கைப்பட்டிக்குப் பெட்டியை வைத்துவிடுவாள். நீ குதிப்பாய். அதைத்தான் நான் ஆட்டமாக்கினேன். பதினொரு வருஷமாக அது நம் இருவரையும் சோறு போட்டுக் காப்பாற்றுகிறது. கறுப்பர்களும் முகத்தில் கரி பூசித்தான் ஏற வேண்டும் என்கிற மேடைகளில் கரி பூசாமல் ஏறி, சிரிக்க வைத்து இறங்கியிருக்கிறோம். அது உன் உடம்பும் என் கையும் சேர்ந்த ஆட்டம். அடுத்தவன் உடம்பில் அது நிற்கவில்லை.

வந்து சேர்.

ஒஸெல்லா


லாஸ் ஏஞ்சலஸ்
20 ஜனவரி 1929

அக்கா,

திட்டு. திட்டி முடித்ததும் மேலே படி.

முதல் இரண்டு மாதம் இங்கே நான் செய்த வேலையைச் சொன்னால் சிரிப்பாய். ஈட்டியைப் பிடித்துக்கொண்டு காட்டில் ஓடினேன். காடு என்பது பழைய ஆரஞ்சுத் தோப்பில் நட்ட காகித மரம். ஓடி ஓடி ஒருநாள் மரத்தில் மோதி அதைச் சாய்த்துவிட்டேன். கூட ஓடியவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். ஹாஸ்கெல் என்ற டைரக்டர் கூப்பிட்டு, "பையா, நீ மேடையில ஆடினவனா?" என்றார். மதியச் சாப்பாட்டு நேரத்தில் நம் ஆட்டத்தை ஒற்றை ஆளாக நடித்துக் காட்டினேன். உன் பங்கையும் நானே செய்தேன். கேமராக்காரர் ரொட்டி புரையேறி இருமினார்.

அக்கா, அவர்கள் 'சட்டைக்குள் ஆள்' ஆட்டத்தைப் பேசும் படமாக எடுக்கப்போகிறார்கள். பெரிய படத்துக்கு முன்னால் போடுகிற சின்னப் படம். நம் ஆட்களை வைத்து, பேச்சோடு. உன்னைப் பற்றிச் சொன்னேன். 'இது என் அக்கா போட்ட ஆட்டம், அவள் இல்லாமல் ஆகாது' என்றேன். "பாக்கலாம், பாக்கலாம்" என்றார். இங்கே 'பார்க்கலாம்' என்றால் நல்ல அர்த்தம் என்கிறார்கள்.

ஒரே ஒரு காரியம். ஆட்டத்தை எழுதி அனுப்பச் சொல்கிறார்கள். ஒலிவாங்கியை எங்கே தொங்கவிடுவது, நீ எப்போது எங்கே நிற்பாய் என்று அவர்களுக்கு முன்னாலேயே தெரிய வேண்டுமாம். நான் எழுதிப் பார்த்தேன். என் பங்கு வருகிறது, உன் பங்கு வரவில்லை. என் முதுகுக்குப் பின்னால் நீ என்ன செய்தாய் என்று பதினொரு வருஷமாக நான் பார்த்ததே இல்லை.

நம் ஆட்கள் ஆட்டத்தைக் காகிதத்தில் எழுத மாட்டார்கள், எனக்குத் தெரியும். எழுதினது கைமாறும், கைமாறினது திருடு போகும். ஆனால் இதை வேற்றாள் கேட்கவில்லை, நான் கேட்கிறேன்.

கிளியான்


அட்லாண்டா, ஜார்ஜியா
9 பிப்ரவரி 1929

கிளியான்,

உன் கடிதத்தைப் படித்துவிட்டுப் போய் ஒரு தொப்பி வாங்கினேன். பச்சை வெல்வெட். கலிஃபோர்னியாவில் வெயில் அதிகம், வெல்வெட் ஆகாது என்று திருமதி கெய்தர் எழுதியிருக்கிறாள். பரவாயில்லை, ரயிலில் போட்டுக்கொண்டு வருவேன்.

எழுதுகிறேன். யாரோ ஜன்னல் வழியாகப் பார்ப்பதுபோல இருக்கிறது.

நீ வேகமாக உள்ளே வருகிறாய். "அக்கா, வேலைக்கு ஆள் எடுக்கறாங்க, சட்டை வேணும்." நான் உன்னைப் பார்க்கவே கூடாது. பெட்டியின் அடியில் எச்சில் தொட்டு வைக்கிறேன், அது சுர்ரென்று கேட்க வேண்டும். "எந்தச் சட்டை?" "இருக்கறதே ஒண்ணுதான்." "அது எங்க?" "என் மேல." இப்போதுதான் திரும்பிப் பார்க்கிறேன். கோபமாகப் பார்க்கக் கூடாது. துணி எவ்வளவு அழுக்கு என்று கணக்குப் போடுகிற பார்வை, அம்மாவின் பார்வை. பிறகு உன் கையைப் பிடித்துப் பலகைமேல் வைக்கிறேன். முதலில் கைப்பட்டி. நீ கத்துவது பெட்டி தொடுவதற்கு முன்னால், தொட்டபின் அல்ல. இதை டோபியஸுக்குச் சொல்லிச் சொல்லி ஓய்ந்துவிட்டேன். "அசையாதே. சுருக்கம் சட்டையில இல்ல, உங்கிட்டதான்." முதுகுக்கு வந்ததும் உன்னைப் பலகைமேல் குப்புறப் போடுகிறேன். நீ அந்த நிலையிலேயே வேலை தரும் முதலாளியிடம் பேசிப் பழகுகிறாய், "ஆமாங்கய்யா, தூக்குவேங்கய்யா, விடியறதுக்கு முன்னாடியே வந்துருவேங்கய்யா." ஒவ்வொரு 'அய்யா'வுக்கும் நான் பெட்டியை அழுத்துகிறேன். நீ பார்க்காத இடம் இதுதான். அழுத்தும்போது நான் உன்னைப் பார்ப்பதில்லை, அந்த முதலாளி நிற்கிற திசையைப் பார்க்கிறேன். மேடையில் அங்கே யாரும் இல்லை. ஆனால் நம் ஜனங்களுக்கு அங்கே நிற்பவன் யாரென்று தெரியும்.

கடைசியில் உன்னை நிமிர்த்தி நிறுத்துகிறேன். கழுத்துப்பட்டியைத் தட்டிக் கொடுக்கிறேன். தள்ளி நின்று மேலும் கீழும் பார்க்கிறேன். இங்கே காத்திருக்க வேண்டும். எவ்வளவு நேரம் என்று என்னால் எழுத முடியாது. முன்வரிசையில் யாராவது ஒருவர் தாங்க முடியாமல் இருமும் வரை. அப்புறம்தான், "சட்டை தயார். இனி ஆளைத்தான் துவைக்கணும்."

இவ்வளவுதான். எழுதிப் பார்த்தால் ஒன்றுமே இல்லாததுபோல் இருக்கிறது.

இதை ஹாஸ்கெல்லிடம் காட்டு, ஆனால் கையில் கொடுத்துவிடாதே. அடுத்த மாதம் சவானாவில் ஆட ஒப்புக்கொள்ளவில்லை. தந்தி வந்ததும் கிளம்புகிறேன்.

ஒஸெல்லா


லாஸ் ஏஞ்சலஸ்
2 மே 1929

அக்கா,

இந்தக் கடிதத்தை மூன்று விதமாக ஆரம்பித்துக் கிழித்துப் போட்டேன். நேராகச் சொல்லிவிடுகிறேன். படம் எடுத்து முடிந்துவிட்டது.

தந்தி அடிக்கத்தான் இருந்தேன். காலையில் போய் நிற்கிறேன், பலகைக்குப் பின்னால் ஒரு அம்மாள் நிற்கிறார். திருமதி லவினியா கோட்ஸ். சர்ச்சில் பாடுகிறவர். கதவை அடைக்கிற உருவம். நான் ஹாஸ்கெல்லிடம் ஓடினேன். "என் அக்காவை வரச் சொல்லணுமே" என்றேன். அவர் உன் படத்தைக் கேட்டார், நாம் நாஷ்வில்லில் எடுத்துக்கொண்ட படத்தைக் காட்டினேன். "இந்தப் பொம்பளை ஒல்லியா இருக்காளே. பார்த்தா டீச்சர் மாதிரி இருக்கா. சலவைக்காரின்னா எப்படி இருப்பான்னு ஜனங்களுக்குத் தெரியும்" என்றார். நம் அம்மா ஒல்லிதான் என்று சொன்னேன். "உங்க அம்மாவை யாரு படம் எடுக்கறா?" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை என்றுதான் நினைக்கிறேன்.

அந்தக் காகிதம் என் கையில்தான் இருந்தது. படித்துச் சொல்லச் சொன்னார்கள். படிக்கப் படிக்க ஒருவன் தட்டச்சு செய்துகொண்டான்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும், வேறு யாராவது சொல்லி உனக்குத் தெரிவதைவிட நான் சொல்வது மேல். என் நிறம் போதவில்லை என்றார்கள். விளக்கு வெளிச்சத்தில் வெளுப்பாகத் தெரிகிறேனாம். தக்கையைச் சுட்டுக் கரி கொண்டுவந்தான் ஒருவன். முடியாது என்றேன். இங்கே ஒருவன் முடியாது என்றால் வாசலில் நூறு பேர் நிற்கிறார்கள் அக்கா. பூசிக்கொண்டேன்.

திருமதி கோட்ஸ் நல்லவர். 'இது யாரோ போட்ட ஆட்டம்' என்று அவருக்குத் தெரியாது. கடைசி வரிக்கு முன்னால் அவரைக் காத்திருக்கச் சொன்னேன். ஹாஸ்கெல் நிறுத்திவிட்டார். "ஏன் மரம் மாதிரி நிக்கறா? ஃபிலிம் ஓடுதுல்ல!" முன்வரிசை என்று அங்கே எதுவும் இல்லை. இருமினால் வெளியே அனுப்பிவிடுகிறார்கள்.

அடுத்த படத்தில் உன்னைக் கேட்கிறேன். இது சின்னப் படம்தானே, ஒரு வாரம் ஓடும், மறந்துபோகும்.

கிளியான்


மெம்ஃபிஸ், டென்னஸி
17 மார்ச் 1930

கிளியான்,

ஒரு வருஷமாக உனக்கு எழுதவில்லை. எழுதக்கூடாது என்றுதான் இருந்தேன். ஆனால் நேற்று நடந்ததை வேறு யாரிடம் சொன்னாலும் புரியாது.

டோபியஸைக் கூச்சம் இல்லாதவனாகப் பழக்கிவிட்டேன். தடித்த கம்பளியை உள்ளே வைத்துத் தைத்த சட்டை, பெட்டி மேலே படுவது தெரியாது. குளிர்காலம் முழுக்க நன்றாகவே போயிற்று. சின்ன ஊர்கள்தான். அங்கே பேசும் படக் கருவி இன்னும் வரவில்லை. எனக்கு அது தெரியாது. ஆட்டம் இன்னும் உயிரோடு இருக்கிறது என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

மெம்ஃபிஸில் மேடை ஏறினோம். நீ சொல்லும் முதல் வரியை டோபியஸ் சொன்னதும் கூட்டத்தில் ஒரு சலசலப்பு. "இருக்கறதே ஒண்ணுதான்" என்பதைப் பின்வரிசையில் ஒருவன் அவனோடு சேர்ந்து சொன்னான். முதுகுக்கு வந்தபோது பாதிக் கொட்டகை "ஆமாங்கய்யா" போட்டது. நான் எந்தத் திசையைப் பார்த்தேன் என்று யாருக்கும் கவலையில்லை. கடைசியில் தள்ளி நின்று அவனைப் பார்க்கிறேன். காத்திருக்கிறேன். அந்த இடைவெளி என்னுடையது கிளியான். இத்தனை வருஷமும் அதற்குள்தான் நான் குடியிருந்தேன். அதற்குள் கொட்டகை மாடியிலிருந்து ஒரு பெண்குரல் கத்தியது, "சட்டை தயார்! இனி ஆளைத்தான் துவைக்கணும்!"

கொட்டகையே இடிந்து விழுவதுபோலச் சிரித்தார்கள். எனக்குச் சொல்ல ஒன்றும் இல்லை.

"படத்துல அந்தக் குண்டம்மா இன்னும் நல்லா சொல்லும்!" என்றான் ஒருவன். இன்னொருவன் அந்த வார்த்தையைச் சொன்னான். "திருடி!"

உனக்குத் தெரியும், நம் ஆட்களிடம் குடிக்கலாம், கடன் சொல்லலாம், அடுத்தவன் பெண்டாட்டியோடு ரயிலேறலாம். அடுத்தவன் ஆட்டத்தை எடுக்கக்கூடாது. எடுத்தவன் பக்கம் மேசையில் உப்பைக்கூட நகர்த்த மாட்டார்கள். இன்று காலை விடுதியில் சாப்பிட உட்கார்ந்தேன். எல்லாரும் புது ஆட்கள், சிறுசுகள். "உப்பு" என்றேன். பக்கத்தில் இருந்த பெண் உப்புக் கிண்ணத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், சோள ரொட்டியைப் பிட்டுச் சாப்பிட்டாள். "அடியே, அது நான் போட்ட ஆட்டம்டி. நீ பொறக்கறதுக்கு முன்னாடியே எங்க அம்மா போட்ட இஸ்திரிடி" என்று கத்தினேன். "எல்லாத் திருடனும் அதைத்தான் சொல்றான்" என்றாள். டோபியஸ் எழுந்து எனக்கு உப்பை எடுத்துக் கொடுத்தான். அதோடு அவனுக்கும் யாரும் எதுவும் நகர்த்தவில்லை.

நமக்கு ஏன் முன்பே உறைக்கவில்லை? மேக்கனில் சிரித்தது மெம்ஃபிஸுக்குத் தெரியாததால்தானே ஒரே ஆட்டத்தை வைத்துப் பதினொரு வருஷம் பிழைத்தோம். அதை ஒரே நாளில் எல்லா ஊருக்கும் காட்டுகிற சாமானுக்கு முன்னால் நீ நின்று ஆடினாய். நானும் தொப்பி வாங்கிக்கொண்டு வருவதாக இருந்தேன்.

அந்தப் படத்தை நிறுத்தச் சொல். பெரிய ஊர்களில் ஓடட்டும். நாங்கள் போகிற ஊர்களுக்கு மட்டும் அனுப்ப வேண்டாம் என்று சொல். கேட்டாலே போதும், உன்னால் முடியும்.

ஒஸெல்லா


லாஸ் ஏஞ்சலஸ்
11 ஏப்ரல் 1930

அக்கா,

கேட்டேன். ஹாஸ்கெல்லைக் கேட்டேன். "பையா, நான் எடுத்துக் கொடுக்கறவன். அனுப்பறவங்க வேற" என்றார். அனுப்புகிற அலுவலகம் வேறு கட்டடத்தில் இருக்கிறது. முன்வாசலில் விடவில்லை, பின்வாசலுக்குப் போனேன். சாமான் ஏற்றுகிற ஆள் ஒருவர், நம் ஆள், தகர டப்பாக்களை லாரியில் அடுக்கிக்கொண்டிருந்தார். அவரிடம் சொன்னேன். அவர் ஒரு டப்பாவைக் கையில் எடுத்து, "இதுல ஒண்ணை நான் மறைச்சு வெச்சா என் வேலை போகும். உன் படத்துக்கு இது மாதிரி எத்தனை இருக்குன்னு தெரியுமா தம்பி? போய்க்கிட்டே இருக்கு. எங்க போய் நிக்குதுன்னு இங்க யாருக்குமே தெரியாது" என்றார்.

யாரிடமாவது சண்டை போட்டு அடி வாங்கினால்கூட உனக்கு எழுத ஏதாவது இருந்திருக்கும். சண்டை போட ஆளே இல்லை. எல்லாரும் மரியாதையாகத்தான் பேசுகிறார்கள்.

என் நிலையையும் கேள். எனக்கு வேலை நிறைய வருகிறது. எல்லாம் அதே ஆள். பயந்து கண்ணை உருட்டுகிறவன். ரயில் போர்ட்டர், சமையல்காரன், பேயைப் பார்த்து ஓடுகிறவன். எனக்குப் பேசக் கற்றுக்கொடுக்க ஒருவரை வைத்திருக்கிறார்கள். பாஸ்டனிலிருந்து வந்த வெள்ளைக்காரர். நான் ஜார்ஜியாவில் பிறந்தவன் பேசுவதுபோலப் பேசவில்லையாம். "இன்னும் இழுத்து, இன்னும் மந்தமா" என்று சொல்லிக்கொடுக்கிறார். அவர் பேசிக் காட்டுவதைக் கேட்டால் உனக்கு வயிறு எரியும். நான் அதை அப்படியே திருப்பிச் சொல்கிறேன். "சபாஷ்! இப்பத்தான் நிஜமா இருக்கு" என்கிறார்.

நீ இங்கே வந்துவிடு அக்கா. கூட்டத்தில் நிற்கிற வேலையாவது கிடைக்கும்.

கிளியான்


கேன்ஸஸ் சிட்டி, மிசோரி
6 ஜூன் 1931

கிளியான்,

நீ கேட்காவிட்டாலும் சொல்கிறேன்.

புது ஆட்டம் இரண்டு போட்டேன். ஒன்று வாடகை வீட்டுக்காரனைப் பற்றியது. நன்றாகவே இருந்தது. எல்லாரும் வேண்டாம் என்றார்கள். டோபியஸ் டெட்ராய்ட்டில் கார் தொழிற்சாலைக்குப் போய்விட்டான். போகும்போது தட்டுகளை என்னிடம் கொடுத்தான், அவற்றில்தான் சாப்பிடுகிறேன்.

கொட்டகைகளில் வாத்தியக்காரர்கள் உட்காரும் பள்ளத்தைப் பலகை போட்டு மூடிவிட்டார்கள். மேடை நிறைய வெள்ளைத் திரை. இரண்டு படத்துக்கு நடுவே கருவியைத் துடைக்கிற நேரத்துக்கு மட்டும் எங்களை ஏற்றுகிறார்கள், திரைக்கு முன்னால் விளிம்பில். ஒரு காலடி தவறினால் கீழே விழ வேண்டியதுதான்.

இந்தக் கொட்டகைக்காரன் கேட்டான், "ஏய் பொண்ணு, இஸ்திரி ஆட்டம் தெரியுமா? சினிமாவுல வருமே." தெரியும் என்றேன். "அப்படியே செய்வியா?" செய்வேன் என்றேன். அவன் என்னை மேலும் கீழும் பார்த்தான். உள்ளே போய் இரண்டு தலையணை எடுத்து வந்து கொடுத்தான்.

வாசலில் ஒட்டியிருக்கிறார்கள்: 'நீங்கள் திரையில் கண்டு சிரித்த குண்டுச் சலவைக்காரி, நேரில்!' என் பெயர் இல்லை. நல்லவேளை இல்லை.

முன்பக்கம் ஒன்று, பின்பக்கம் ஒன்று, கயிறு போட்டுக் கட்டிக்கொள்கிறேன். சட்டைக்குள் நிற்பது டிக்கெட் கிழிக்கிற பையன். முதல் நாள் நான் எனக்குத் தெரிந்தபடிதான் செய்தேன். கடைசி வரிக்கு முன் காத்திருந்தேன். திரைக்குப் பின்னாலிருந்து அவன் கையைத் தட்டினான். "தூங்கிட்டியா? படத்துல அங்க நிக்க மாட்டா!" மறுநாளிலிருந்து நிற்பதில்லை. சட்டென்று சொல்லிவிடுகிறேன். எல்லாரும் என்கூடச் சேர்ந்து சொல்கிறார்கள். கைதட்டல் பலமாக இருக்கிறது. நேற்று ஒரு கிழவி மேடைக்குப் பின்னால் வந்து, "அப்படியே அவளை உரிச்சு வெச்சிருக்கேம்மா" என்று என் கையைப் பிடித்துக்கொண்டு பாராட்டினாள்.

இத்தோடு விட்டுவிடுகிறேன். இனி எழுதாதே. எழுதினால் நானும் பதில் எழுதுவேன், எழுதினால் எனக்கு ஆத்திரம் வருகிறது, அதை வைத்துக்கொண்டு ஒன்றும் செய்ய முடிவதில்லை.

ஒஸெல்லா


லாஸ் ஏஞ்சலஸ்
12 செப்டம்பர் 1937

அக்கா,

திருமதி கெய்தர்தான் உன் சிகாகோ முகவரியைக் கொடுத்தாள். சலவை ஆலையில் வேலை பார்க்கிறாய் என்று சொன்னாள். அதைக் கேட்டு அரைநாள் எதுவும் சாப்பிடவில்லை.

நீ என் படங்களைப் பார்த்திருப்பாய். அல்லது பார்த்திருக்க மாட்டாய். அறுபதுக்கு மேல் நடித்துவிட்டேன். எதிலும் என் பாத்திரத்துக்கு ஒழுங்கான பெயர் கிடையாது. இரண்டில் 'ஸாம்', மற்றதில் 'அந்தப் பையன்'. எனக்கு முடி நரைத்துவிட்டது, இன்னும் பையன்தான். சென்ற வசந்தத்தில் நம் ஆட்களின் பத்திரிகை ஒன்று என்னைப் பற்றி எழுதியது. நான் நம் இனத்துக்கே அவமானமாம். அந்த வாரம் முடிதிருத்தும் கடையில் எனக்கு வெட்டிக்கொண்டிருந்தவர் பாதியில் கத்தரியை வைத்துவிட்டு, "மிச்சத்தை உங்க பாஸ்கிட்ட வெட்டிக்குங்க அண்ணே" என்றார். பாதித் தலையோடு வீட்டுக்கு வந்தேன். அவர் சொன்னதில் தப்பில்லை. அதே மாதம் கம்பெனியும் என்னை நிறுத்திவிட்டது. கண்ணை உருட்டுவதற்குச் சிறுவயது ஆள் கிடைத்துவிட்டான்.

இப்போது ஒரே ஒரு வேலை வந்திருக்கிறது. சிகாகோவில், உன் தெருவுக்குப் பக்கத்துக் கொட்டகையில், நான்கு வாரம். படம் முடிந்ததும் நட்சத்திரம் நேரில் வந்து ஆட வேண்டும். அவர்கள் கேட்பது 'சட்டைக்குள் ஆள்'. அந்தச் சின்னப் படம் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது, உனக்குத் தெரியுமா? சனிக்கிழமைகளில் குழந்தைகளுக்குப் போடுகிறார்கள். திருமதி கோட்ஸ் குளிர்காலத்தில் காலமாகிவிட்டார். பலகைக்குப் பின்னால் நிற்க ஆள் வேண்டும்.

உன்னைக் கேட்க எனக்கு உரிமை இல்லை. கேட்கிறேன்.

இன்னும் மோசமான விஷயம் ஒன்று. அவர்களுக்குப் படத்தில் உள்ளபடியே வேண்டும். நான் வேண்டுமானால் வாதாடியிருக்கலாம், பழைய மாதிரி ஆடுகிறோம் என்று. வாதாட என்னிடம் ஒன்றும் இல்லை அக்கா. பழையது எப்படி இருந்தது என்று நேற்று கண்ணாடிக்கு முன்னால் நின்று பார்த்தேன். வரவில்லை. கையைத் தூக்கினால் படத்தில் தூக்கினதுபோலத்தான் தூக்குகிறது. மேக்கனில் பிறந்த என் பேச்சைக் கூப்பிட்டால் பாஸ்டன்காரரின் பேச்சு வருகிறது.

வருவாயா?

கிளியான்


சிகாகோ
3 அக்டோபர் 1937

கிளியான்,

வருகிறேன். முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நீ நகத்தைக் கடித்துக்கொண்டு கடைசி வரை படிக்க வேண்டாம். உன்னை மன்னித்துவிட்டேன் என்று நினைத்துக்கொள்ளாதே. ஆலையில் சட்டைக்கு இஸ்திரி போட நீராவி யந்திரம் வந்துவிட்டது. ஒரு பொம்மை உடம்பு, சட்டையை மாட்டினால் ஊதிக்கொண்டு தானே சுருக்கம் எடுத்துவிடுகிறது. எங்களில் பாதிப் பேரை நிறுத்திவிட்டார்கள், நானும் அந்தப் பாதியில்தான்.

படத்தில் உள்ளபடியே வேண்டும் என்றால் படத்தைப் பார்த்தாக வேண்டும். நான் அதைப் பார்த்ததே இல்லை. ஊர் ஊராக அது எனக்கு முன்னால் போய் நின்றது, கேன்ஸஸ் சிட்டியில் அதைப் போலவே ஆடினேன், எல்லாம் மற்றவர்கள் சொல்லக் கேட்டு ஆடியதுதான். நேற்று சனிக்கிழமை மத்தியானம் நாற்பத்தேழாம் தெருக் கொட்டகைக்குப் போனேன். உள்ளே முழுக்கச் சிறுசுகள். என் பக்கத்தில் இரண்டு பிள்ளைகளோடு ஒரு பெண், மடியில் வேர்க்கடலைப் பொட்டலம்.

குற்றம் கண்டுபிடிக்கத்தான் போனேன், ஒளிப்பானேன். ஆரம்பத்திலேயே கிடைத்தது. அந்த அம்மாள் பெட்டியைப் பிடிக்கும் விதத்திலேயே தெரிகிறது, வாழ்நாளில் ஒரு சட்டைக்குக்கூட இஸ்திரி போட்டதில்லை. எச்சில் தொட்டுப் பார்க்கவில்லை. உன் முகம் அடுப்புக்குப் பூசும் மையைப் பூசினதுபோல் இருந்தது. உன்னை எனக்கு அடையாளம் தெரியக் கொஞ்சநேரம் ஆயிற்று. நீ "ஆமாங்கய்யா" என்றபோது அவர் முதலாளி நிற்கிற திசையைப் பார்க்கவில்லை, உன் பின்பக்கத்தைப் பார்த்தார். அந்த இடத்தில் எழுந்து போய்விடலாமா என்று நினைத்தேன்.

பக்கத்துப் பெண் என் முழங்கையை இடித்தாள். "இருங்கம்மா, இப்பத்தான் வருது, இதைப் பாருங்க."

உன்னை நிமிர்த்தி நிறுத்தினார். தட்டினார். நிற்கவே இல்லை, மூச்சுக்கூட விடவில்லை, அடுத்த நொடியே சொல்லிவிட்டார். எனக்குத் தெரிந்த வரி. ஓர் இரவு சவானா ரயிலில் நான் உட்கார்ந்து யோசித்த வரி.

சிரித்துவிட்டேன் கிளியான்.

உதட்டுக்குள் சிரிக்கிற சிரிப்பு இல்லை. வயிற்றிலிருந்து வந்தது. என்னால் நிறுத்த முடியவில்லை. தொப்பி கழன்று முன் இருக்கைக்காரன் மேல் விழுந்தது. கண்ணில் நீர் வந்துவிட்டது. பக்கத்துப் பெண் என் தோளில் அடித்து, "நான் சொன்னேன்ல?" என்று என்னைவிட அதிகமாகச் சிரித்தாள், அவள் பிள்ளைகள் எங்கள் இரண்டு பேரையும் பார்த்துச் சிரித்தன. நீ அந்தக் கரிக்குள்ளிருந்து ஒரு பார்வை பார்த்தாய், சரி, அது நன்றாகத்தான் இருந்தது. அந்த அம்மாளும் நன்றாகத்தான் செய்கிறார். அதைச் சொல்லாமல் இருக்க எவ்வளவோ பார்க்கிறேன்.

எனக்கு மிச்சமாக இருந்தது ஒன்றே ஒன்றுதான், அந்தப் படம் மோசம் என்ற நிச்சயம். இத்தனை வருஷம் ஆலையில் அந்த வெக்கையில் நின்றபோது அதைத்தான் பிடித்துக்கொண்டு நின்றேன்.

பெரிய படம் ஓடி முடிந்தது. நான் எழுந்திருக்கவில்லை. காலையில் நுழைந்தவர்கள் ராத்திரி வரை உட்காரலாம், யாரும் கேட்பதில்லை. மறுபடி அந்தச் சின்னப் படம் வந்தது. இந்த முறை ஏமாறக்கூடாது என்று கைக்குட்டையைப் பற்களுக்கிடையே கடித்துக்கொண்டேன். எது எப்போது வரும் என்று இந்த உலகத்தில் என்னைவிட நன்றாகத் தெரிந்தவர் யாரும் இல்லை.

அதே இடத்தில் சிரித்தேன்.

ஒஸெல்லா